பென்சில் சேதி

என் மாமியாருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் எங்கள் வீட்டு வாசலுக்கு எந்தச் சேதி வந்தாலும் அவர் முதலில் கேட்பது, "மையா, பென்சிலா?" என்றுதான். மீன் விலை ஏறப்போகிறதாம் என்று பக்கத்து வீட்டுக்காரி சொன்னாலும் அதே கேள்வி. தெருக்கோடி வீட்டுப் பெண் யாருடனோ ஓடிப்போய்விட்டாளாம் என்றாலும் அதே கேள்வி. பென்சில் என்று பதில் வந்தால், "அப்ப அத அங்கயே வச்சிட்டு வா" என்பார். புதிதாக வருகிறவர்களுக்கு ஒன்றும் புரியாது, திருதிருவென்று விழிப்பார்கள். எங்கள் மாடியறையில் குடியிருந்த நார்வேக்காரர் எங்களுக்கு விட்டுப்போன சொத்து அந்தக் கேள்வி. அவரைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

அப்போது நாங்கள் ரங்கூனில், மிங்கலா தாங்ஞுன்ட் என்ற பேட்டையில், ரயில் பாதையை ஒட்டிய ஒரு மரவீட்டில் இருந்தோம். ரயில் போனால் அடுக்களைப் பாத்திரமெல்லாம் ஒருமுறை பேசிவிட்டு ஓயும். என் வீட்டுக்காரருக்கு ரயில்வே கூட்ஸ் ஆபீசில் குமாஸ்தா வேலை. நான் ரங்கூனிலேயே பிறந்தவள், மிஷன் பள்ளியில் படித்தவள். பர்மிய மொழி தமிழ் மாதிரியே வரும், இங்கிலீஷ் கொஞ்சம் முக்கி முனகி வரும். அடுத்த தெருவில் என் வீட்டுக்காரரின் அண்ணன் இருந்தார். மூத்தாரிடம் நேருக்கு நேர் பேசும் வழக்கம் எங்கள் குடும்பத்தில் இல்லை. சொல்ல வேண்டியதைக் கதவைப் பார்த்துச் சொல்வேன், அவரும் கதவுக்கே பதில் சொல்வார். அந்தக் கதவுக்குத்தான் எங்கள் வீட்டு ரகசியம் எல்லாம் தெரியும்.

மாடியறையை வாடகைக்கு விட்டபோது ஒரு வெள்ளைக்காரர் வந்து நின்றார். மாமியார் "துரை" என்று கும்பிட்டார். அவர் பதறிப்போய்க் கையை ஆட்டி, துரை வேண்டாம் என்றார். அன்று மாலையே "தம்பி" ஆகிவிட்டார். பத்திரிகைக்கு எழுதுகிறவர், ஊர் நார்வே என்று சொன்னார். நார்வே எங்கே இருக்கிறது என்று எங்களுக்குத் தெரியாது. ஜெர்மனிக்குப் பக்கத்துத் தெரு மாதிரி என்று மூத்தார் அடித்துச் சொன்னார். அவர் எதையும் அடித்துத்தான் சொல்வார். நார்வேக்காரர் எங்களோடு இருந்த காலத்தில்தான் அவருடைய நாட்டுத் தலைநகரத்தின் பெயரையே மாற்றிவிட்டார்கள். "பார்த்தீங்களா, தம்பி இந்தப் பக்கம் வந்ததும் அந்தப் பக்கம் ஊர் பேரையே மாத்திட்டாங்க" என்று என் வீட்டுக்காரர் கேலி செய்வார். நார்வேக்காரர் வயிறு குலுங்கச் சிரிப்பார்.

அவர் பிறந்தது வடக்கே குளிரில் விறைத்த ஒரு தீவு. அப்பா மீன் பிடிக்கிறவர். மீசை முளைக்கும் முன்பே கப்பலேறி, பிறகு ஓர் அச்சகத்தில் எழுத்துக் கோத்து, அங்கிருந்து பத்திரிகைக்காரர் ஆனவர். பெரிய யுத்தத்தில் பதுங்குகுழிகளைப் பார்த்திருக்கிறார். ரஷ்யாவில் பஞ்சத்தைப் பார்த்திருக்கிறார். சொல்லச் சொன்னால் சொல்வார், தானாக ஆரம்பிக்கமாட்டார். ரங்கூனுக்கு ஏன் வந்தீர்கள் என்று ஒருநாள் கேட்டேன். சின்ன வயதில் கிறிஸ்துமஸ் அன்றைக்கு மட்டும் அவருடைய அம்மா அரிசியைப் பாலில் குழைய வேகவைத்துக் கொடுப்பாராம். அந்த அரிசி எங்கிருந்து வருகிறது என்று கேட்டதற்கு, கடையிலிருந்து என்றாராம் அம்மா. "அந்தக் கடைக்கு எங்கிருந்து வந்தது என்று பார்க்கத்தான் வந்தேன்" என்றார். விளையாட்டுக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். சொன்னபடியே ரங்கூன் அரிசி ஆலை ஒன்று விடாமல் ஏறி இறங்கினார்.

அவர் வேலை செய்யும் விதம் எனக்கு முதலில் பைத்தியக்காரத்தனமாகப் பட்டது. கண்ணால் பார்த்ததை மையில் எழுதுவார். காதால் கேட்டதைப் பென்சிலில் எழுதுவார். பென்சிலில் இருப்பதைத் தானே போய்ப் பார்த்துவிட்டு வந்த பிறகுதான் அதன்மேல் மை ஏறும். மை ஏறாதது ஊருக்குப் போகாது. மேஜை முழுக்கக் காகிதம் பரப்பி வைத்திருப்பார், அதில் பாதி பென்சிலாகவே காய்ந்து கிடக்கும். "இவ்வளவு கஷ்டப்பட்டுக் கேட்டு வந்ததைப் பாழாக்குகிறீர்களே" என்றேன். தன் அப்பாவைப் பற்றிச் சொன்னார். கடலிலிருந்து திரும்பும்போது எவ்வளவு மீன் என்று கரையில் இருப்பவர்கள் கத்திக் கேட்பார்களாம். மீனைக் கரையில் கொட்டும் வரை அவர் வாயைத் திறக்கமாட்டாராம்.

ஒருமுறை அரிசி ஆலைப் படகுத்துறையில் மூட்டை தூக்குகிறவர்களைப் பற்றி எழுதப் போனார். மூட்டை என்ன கனம் என்று மேஸ்திரி சொன்னதைப் பென்சிலில் எழுதினார். மறுநாள் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டுப் பலகைமேல் ஏறி ஒரு மூட்டையைத் தானே தூக்கிக்கொண்டு படகு வரைக்கும் நடந்திருக்கிறார். சுற்றி நின்ற நம் ஆட்கள் விசிலடித்தார்களாம். வீட்டுக்குத் திரும்பியபோது வில்லாக வளைந்திருந்தார். மாமியார் எண்ணெயைக் காய்ச்சி முதுகில் தேய்த்துக்கொண்டே, "என்னா பொழப்பு தம்பி இது, கேட்டா சொல்லமாட்டானா?" என்று திட்டினார். குப்புறப் படுத்தபடியே அவர் அந்த வரிக்கு மை ஏற்றினார். எனக்குச் சிரிப்பும் வந்தது, உள்ளுக்குள் ஒரு மரியாதையும் வந்தது. அதற்குப் பிறகுதான் வீட்டில் எல்லோரும் விளையாட்டாக "மையா, பென்சிலா" என்று கேட்கத் தொடங்கினோம்.

அவர் எங்களோடுதான் சாப்பிட்டார். ஆனால் அவருடைய எனாமல் தட்டு வராந்தா ஆணியில் தனியாகத் தொங்கியது. அது மூத்தார் போட்ட சட்டம்.

ஐப்பசி மாதம் என் வீட்டுக்காரர் தங்கையின் வளைகாப்புக்காக நாகப்பட்டினம் போயிருந்தார். மாமியாருக்குக் கப்பல் என்ற பேச்சை எடுத்தாலே வயிற்றைப் புரட்டும், அதனால் அவர் போகவில்லை. திரும்பி வரும் கப்பல் இன்ன நாள் வரும் என்று கடிதம் வந்திருந்தது. அந்த நாளுக்கு முன்னாலேயே கடலில் புயல் என்று துறைமுகத்தில் கொடி ஏற்றிவிட்டார்கள். கப்பல் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. கியாக்டடாப் பேட்டையில் சூலே பகோடா என்ற புத்தர் கோயிலுக்குப் பக்கத்திலிருந்த கப்பல் கம்பெனி ஆபீஸ் வாசலில் ஜனங்கள் நாள் முழுக்க நின்றார்கள். நானும் நின்றேன். தகவல் இல்லை, தகவல் இல்லை என்று உள்ளேயிருந்து ஒரே பாட்டு.

ஒரு வாரத்துக்குமேல் இப்படிப் போனது. ஒருநாள் காலையில் மூத்தார் இங்கிலீஷ் பேப்பரைக் கையில் பிடித்தபடி வந்தார். வாசலிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"முழுகிருச்சும்மா. ஒருத்தரும் பொழைக்கலயாம். ஆத்துக்கு அந்தாண்ட கியாக்தான் ஊர்ப் பக்கம் செம்படவனுங்க கையில காலிப் படகு ஒண்ணு கெடச்சிருக்கு, அந்தக் கப்பல் பேர் போட்ட படகு. பேப்பர்லயே போட்டுட்டான்."

மாமியார் தலையில் அடித்துக்கொண்டு விழுந்தார். நான் அழவில்லை. அடுப்பில் உலை கொதித்துக்கொண்டிருந்தது, அதை இறக்க வேண்டும் என்பது மட்டும் மனதில் ஓடியது. தெருவே திரண்டு வந்துவிட்டது. மூத்தார் கெட்டவர் இல்லை, தம்பிமேல் உயிரையே வைத்திருந்தவர். ஆனால் அச்சில் வந்துவிட்டால் அவருக்கு அது வேதம். மத்தியானத்துக்குள் புரோகிதரைப் பார்த்துவிட்டார். உடல் கிடைக்காததால் தர்ப்பையில் உருவம் செய்து எரிப்பது, கருமாதியன்று எனக்குத் தாலி வாங்குவது என்று நாளும் குறித்தாயிற்று. கோடிச் சேலைகூட வாங்கி வைத்துவிட்டார். எதிர்வீட்டுப் பெண்ணின் புருஷனும் அதே கப்பலில் வந்தவன். அவர்கள் வீட்டிலும் நாள் குறித்தார்கள், எங்களுக்கு முந்திய நாளாக.

தாலி வாங்குவது என்றால் என்ன என்று தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். பூவும் பொட்டும் வளையலுமாக அலங்காரம் செய்து உட்காரவைத்து, எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எடுப்பார்கள். எடுத்தது எடுத்ததுதான். அதற்குப்பின் புருஷனே உயிரோடு திரும்பி வந்தாலும், ஊர் அவளைப் பழைய கண்ணால் பார்க்காது. என் கழுத்தில் கிடந்தது அவருடைய உயிர் மாதிரி எனக்குத் தோன்றியது. அதை எடுக்கும் கையை நான் கடித்துவிடுவேன் என்று பயந்தேன்.

நார்வேக்காரர் மாடியிலிருந்து இறங்கி வந்தபோது அவர் கையிலும் ஒரு தந்தி இருந்தது. அந்தக் கப்பலின் உதவி மாலுமி அவருடைய ஊர்க்காரன். அதனால் அங்கேயும் மற்ற பத்திரிகைகள் எல்லாம் கப்பல் மூழ்கிவிட்டது என்று போட்டுவிட்டன, உன் செய்தி எங்கே என்று அவருடைய ஆசிரியர் காய்ச்சி எடுத்திருந்தார். அதை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு மாமியாருக்கு முன்னால் தரையில் உட்கார்ந்தார்.

மாமியார் அழுகையை நிறுத்தி அவர் முகத்தைப் பார்த்தார். விளையாட்டுக்குக் கேட்டுக்கொண்டிருந்த கேள்வியை அன்றுதான் முதல்முறையாக உண்மையாகக் கேட்டார்.

"தம்பி, மையா, பென்சிலா?"

"பென்சில், அம்மா" என்றார் அவர், தனக்குத் தெரிந்த தமிழில்.

பிறகு என்னிடம் இங்கிலீஷில் சொன்னார். அந்தப் படகு கிடைத்ததாக எழுதியிருக்கிறார்களே, எழுதியவர் யாரும் கியாக்தான் போனதாகத் தெரியவில்லை. விசாரித்தால், ஒரு போலீஸ்காரர் போய்ப் பெயரைப் படித்துவிட்டு வந்ததோடு சரி என்கிறார்கள். நாளைக்கு நான் போகிறேன், பர்மிய மொழி பேசுகிற ஆள் ஒருவர் வேண்டும் என்றார். நான் வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே உறைத்தது.

மூத்தாருக்கு வந்ததே கோபம். "துக்க வீட்டுப் பொம்பள, வெள்ளக்காரன்கூடப் படகுல போறதா? நாலு பேர் காறித் துப்பமாட்டானா?" என்று கதவிடம் கத்தினார். கதவுக்குப் பின்னாலிருந்து நான் பதில் சொல்லும் முன்னே மாமியார் எழுந்தார்.

"நானும் போறேன். அவ எங்கூட வர்றா. துப்புறவன் எம்மேல துப்பட்டும்."

விடிந்ததும் ஆற்றில் நீர் வடிகிற வேளை பார்த்துச் சம்பான் என்கிற துடுப்புப் படகில் ஏறினோம். வழி முழுக்க மாமியார் வாந்தி எடுத்தார். நார்வேக்காரர் ஒரு கையால் அவர் தலையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு மறுகையால் படகுக்காரனோடு சேர்ந்து துடுப்புப் போட்டார். கியாக்தானில் ஆற்று நடுத் தீவில் பகோடா தெரிந்ததும் மாமியார் அதையும் கும்பிட்டார், எந்தச் சாமியாக இருந்தால் என்ன என்று. கரைச் சேற்றில் அந்தப் படகு சாய்ந்து கிடந்தது. வெள்ளைச் சாயம், கப்பலின் பெயர், அதற்குள் நாலைந்து பிள்ளைகளின் விளையாட்டு. பெயரை நானே படித்தேன். பேப்பர்க்காரன் பொய் சொல்லவில்லை, படகு உண்மைதான்.

நார்வேக்காரர் பெயரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. படகை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். பிறகு அதன் விளிம்புக்குக் கீழே கையை விட்டு, மாட்டுக்குப் பல் பார்ப்பதுபோல ஓரம் முழுக்கத் தடவிக்கொண்டே நடந்தார். விளிம்பை ஒட்டி வரிசையாகக் கொக்கிகள். ஒவ்வொரு கொக்கியிலும் ஒரு துண்டுக் கயிறு மிச்சமிருந்தது. அலையில் அறுந்த கயிறு பிய்ந்து நார் நாராகத் தொங்கும். இவை கத்தியால் நறுக்கியதுபோல மொட்டையாக இருந்தன.

"இதை அறுத்தது யார் என்று கேள்" என்றார்.

படகைக் கண்டெடுத்தவர் வயதான பர்மிய மீனவர். நான் கேட்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார், தெரியாது என்றார். அவருக்குப் பின்னால் குடிசைக் கூரையில் புதுத் தார்ப்பாய் ஒன்று பளபளத்தது. நார்வேக்காரரும் பார்த்தார், நானும் பார்த்தேன். நாங்கள் பார்த்ததை அவரும் பார்த்துவிட்டார்.

"ஊலே" என்றேன், பர்மியர்கள் மாமா வயதுக்காரரைக் கூப்பிடுகிறபடி. "நாங்க போலீஸ் இல்ல. பாய எடுத்துக்கிட்டுப் போக வரல. அந்தக் கப்பல்ல என் புருஷன் இருக்காரு. இவங்க அவரோட அம்மா." சொல்லும்போதே அழுதுவிட்டேன். பேப்பர் வந்த நாளிலிருந்து வராத அழுகை அது.

மீனவர் மாமியாரைப் பார்த்தார். பிறகு சொன்னார். கடலில் பார்த்தபோது படகு முழுக்கத் தார்ப்பாயால் மூடியிருந்தது. சுற்றிலும் இறுக்கிக் கட்டியிருந்தது. அறுத்து எடுத்தது அவர்தான். போலீஸ்காரர் அதைக் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை, சொன்னால் பாயைப் பிடுங்கிக்கொள்வார்களே. உள்ளே துடுப்புகள் கட்டியபடி இருந்தன, தண்ணீர்ப் பீப்பாய் நிறைந்திருந்தது, பிஸ்கட் டின் மூடி திறக்காமல் இருந்தது. பிஸ்கட்டைப் பிள்ளைகள் தின்றுவிட்டன. நன்றாகவே இல்லையாம்.

நார்வேக்காரர் கூரைப் பாயின் ஓரத்தில் தொங்கிய கயிற்று முனைகளைக் கொக்கியில் மிஞ்சியவற்றோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு எழுதிக்கொண்டார், மையில். பிறகு எனக்கு விளக்கினார். கப்பல் மூழ்குகிறது என்று மனிதர்கள் படகில் ஏறினால் முதலில் மூடியைத்தான் அவிழ்ப்பார்கள். இந்த மூடியை யாரும் அவிழ்க்கவில்லை. இந்தப் படகில் யாரும் ஏறவே இல்லை. ஒரு பெரிய அலை கப்பல்மேல் அடித்து இதை மட்டும் பிடுங்கிக்கொண்டு போயிருக்கிறது.

"அப்படியானால் கப்பல் இருக்கிறது?" என்றேன்.

"அது எனக்குத் தெரியாது."

"அவர் உயிரோடு இருக்கிறார் என்று சொல்லுங்கள்."

"நான் பார்க்கவில்லை."

என் வாழ்நாளில் ஒரு மனிதர்மேல் அவ்வளவு ஆத்திரம் எனக்கு வந்ததில்லை. மாமியாருக்காகவாவது ஒரு பொய் சொன்னால் வாய் வெந்தா போகும் என்று தமிழிலேயே கத்தினேன். அவருக்கு வார்த்தை புரியாவிட்டாலும் விஷயம் புரிந்தது. அவர் கண் கலங்கியிருந்தது. ஆனாலும் சொல்லவில்லை. திரும்பும் வழி முழுக்க நான் அவர் பக்கம் பார்க்கவே இல்லை.

வீட்டில் மூத்தார் காத்திருந்தார். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "மூடிக் கெடந்தா என்ன? இருக்கான்னு அதுல எழுதியிருக்கா? எத்தன நாள்தான் இவ பூ வச்சிட்டுத் திரிவா? ஊர் சிரிக்காது?" என்றார். நியாயமான கேள்விதான். நார்வேக்காரரே அதை ஒத்துக்கொண்டார்.

மாமியார் உப்புப் போட்ட தண்ணீரைக் குடித்துவிட்டு, சுவரில் சாய்ந்தபடி சொன்னார். "செத்தான்னு சொல்றதும் பென்சில்தான். இருக்கான்னு சொல்றதும் பென்சில்தான். பென்சிலுக்கெல்லாம் என் மருமக கழுத்துல கைவைக்க முடியாது. மையில வரட்டும், நானே எடுக்கிறேன்."

அந்த வார்த்தையை மூத்தாரால் தாண்ட முடியவில்லை. கோடிச் சேலையை எங்கள் வீட்டுப் பரணிலேயே போட்டுவிட்டுப் போனார்.

நார்வேக்காரர் ஊருக்கு அனுப்பிய தந்தியை எனக்குப் படித்துக் காட்டினார். கப்பல் வந்து சேரவில்லை, மூடியை யாரும் அவிழ்க்காமல் கிடைத்த படகு ஒன்றைப் பார்த்தேன், கப்பல் மூழ்கியதைப் பார்த்தவர் யாரையும் இதுவரை சந்திக்கவில்லை. அவ்வளவுதான். ஊரே ஒப்பாரி வைக்கும்போது இந்த மூன்று வரியை அனுப்ப எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும் என்று இப்போது தெரிகிறது. வேலையே போய்விடும் என்று ஆசிரியர் மிரட்டினாராம். இங்கிருந்த பேப்பர்களிடமும் படகு விஷயத்தைக் கொண்டுபோய்ச் சொன்னார். ஒன்று மட்டும் மூலையில் போட்டது, யாரும் படிக்கவில்லை.

எதிர்வீட்டுக்கு நானே ஓடிப்போய்ச் சொன்னேன். அவளுடைய மாமனார் கேட்கவில்லை. குறித்த நாளில் அவளுக்குத் தாலி வாங்கினார்கள். அவள் போட்ட சத்தம் ரயில் சத்தத்தையும் மீறி எங்கள் வீட்டுக்குக் கேட்டது.

அதற்குப் பிறகான நாட்களை எப்படித் தள்ளினேன் என்று எனக்கே தெரியவில்லை. மாமியார் தினமும் என் தலையில் பூ வைத்துவிடுவார். குழாயடியில் நின்றால் பெண்கள் என் தலையைப் பார்த்துவிட்டு ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். உண்மையைச் சொன்னால் அவர் திரும்பி வருவார் என்று நானும் நம்பவில்லை. அந்தப் பூவை வெறுத்தேன். நார்வேக்காரர் காலையில் கப்பல் ஆபீசுக்குப் போவார், அங்கிருந்து கப்பல்களுக்கு வழிகாட்டும் பைலட்டுகளின் லாஞ்ச் என்ற விசைப்படகில் ஏறி ஆற்று முகத்துவாரம் வரைக்கும் போவார். திரும்பி வந்து படியில் நின்று மாமியாரிடம், "பென்சில், அம்மா" என்பார். மாமியார் தலையாட்டிவிட்டுச் சோறு போடுவார்.

ஒரு மத்தியானம் நான் முற்றத்தில் மீன் ஆய்ந்துகொண்டிருந்தேன். தெருமுனையிலிருந்தே ஒரு குரல். நிமிர்ந்தால் நார்வேக்காரர் தொப்பியில்லாமல், முகமெல்லாம் சிவந்து, ரிக்‌ஷாவிலிருந்து குதித்து ஓடி வருகிறார்.

"மை! அம்மா, மை!"

நான் கத்தியைப் போட்டுவிட்டு எழுந்தேன். அவர் மூச்சு வாங்கச் சொன்னார். புயலில் கொடிமரம் முறிந்து, அதோடு கம்பியில்லாத் தந்தியும் போய், இயந்திரமும் நின்று, கப்பல் அரக்கான் கரைப் பக்கம் மிதந்து திரிந்திருக்கிறது. ஒரு பழைய சரக்குக் கப்பல் அதைக் கட்டி இழுத்துக்கொண்டு வருகிறது. லாஞ்சைக் கிட்டே, இன்னும் கிட்டே என்று ஓட்டச் சொல்லி, ஒவ்வொரு முகமாகப் பார்த்திருக்கிறார்.

"உன் கணவரைப் பார்த்தேன். தாடி வைத்திருக்கிறார். மூக்குக்கண்ணாடி இல்லை. ஒரு ஜாடியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நிற்கிறார். கை ஆட்டினேன், அவரும் ஆட்டினார்."

மாமியார் அவரைக் கட்டிக்கொண்டு அழுதார். மீன் கையோடு நான் என்ன செய்தேன் என்று ஞாபகம் இல்லை. எதிர்வீட்டுக்காரன் முகத்தையும் அவர் பார்த்திருந்தார். எதிர்வாசலைப் பார்த்துச் சொன்னார், வேறு யாரும் சொல்லும் முன்னே.

பிறகுதான் எனக்கு ஒன்று உறைத்தது. துறைமுகத்திலிருந்து எங்கள் வீட்டுக்கு வர கியாக்டடாவிலிருந்த தந்தி ஆபீசைத் தாண்டித்தான் வரவேண்டும். ரங்கூனில் வேறு எந்தப் பத்திரிகைக்காரனுக்கும் தெரியாத சேதி அவர் கையில் இருந்தது. வாழ்க்கையில் ஒருமுறை கிடைக்கிற சேதி. அதை அனுப்பாமல் அந்தக் கட்டிடத்தைத் தாண்டி வந்திருக்கிறார்.

"தந்தி கொடுத்துவிட்டீர்களா?" என்றேன்.

"இனிமேல்தான். அம்மா காத்திருப்பார்களே" என்று சொல்லிவிட்டு, வந்த ரிக்‌ஷாவிலேயே திரும்பிப் போனார். கியாக்தான் கரையில் கத்தியதற்கு மன்னிப்புக் கேட்க நான் வாயெடுப்பதற்குள் தெருமுனை திரும்பிவிட்டார். அந்த மனிதர் அன்று ஒரு பொய் சொல்லியிருந்தால் இந்த 'மை'யை நான் நம்பியிருக்கமாட்டேன்.

என் வீட்டுக்காரர் சாயங்காலம் வந்து சேர்ந்தார். ஜாடியில் நார்த்தங்காய் ஊறுகாய், அவருடைய தங்கை எனக்காகக் கொடுத்தது. சாப்பாடு தட்டிப்போனபோதுகூட அதைத் திறக்கவில்லையாம். "ஏங்க, பட்டினி கெடந்து சாகப்போற நேரத்துல ஊறுகாய யாருக்குங்க பத்திரமா வச்சீங்க?" என்று திட்டினேன். திட்டத் திட்ட அழுகை வந்தது. அவர் பேந்தப் பேந்த விழித்தபடி, "ஒனக்குத்தான்னு சொன்னாளே" என்றார். மூத்தார் தம்பியைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துவிட்டு, எழுந்துபோய் வராந்தா ஆணியிலிருந்த எனாமல் தட்டை எடுத்து வந்து, உள்ளே எங்கள் தட்டுகளோடு மாட்டினார். கோடிச் சேலையை மாமியார் கிழித்து அடுப்படிக்குக் கரித்துணி ஆக்கினார்.

எதிர்வீட்டுப் பெண்ணுக்குக் கோயிலில் வைத்து மறுபடி தாலி கட்டினார்கள். கட்டியும் என்ன? கல்யாண வீடுகளில் ஆரத்தி எடுக்க அவளைக் கூப்பிடும்போது ஒரு நொடி தயங்குவார்கள். அந்த ஒரு நொடியை அவள் கடைசிவரை பார்த்துக்கொண்டே வாழ்ந்தாள். எங்கள் வீட்டு விசேஷம் எல்லாவற்றிலும் மாமியார் முதல் தாம்பூலத்தை அவளுக்குத்தான் கொடுப்பார். அவளைப் பார்க்கும்போதெல்லாம் என் கை தானாகக் கழுத்துக்குப் போகும்.

அந்தக் கப்பலின் நார்வே மாலுமியும் ஒருநாள் எங்கள் வீட்டில் சாப்பிட்டான். அவனுடைய அம்மா இரண்டு பத்திரிகைகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாளாம். ஒன்று மகன் செத்தான் என்றது, மற்றது பார்த்தவர் யாரும் இல்லை என்றது. இரண்டாவதை மட்டும் வைத்துக்கொண்டு முதலாவதை அடுப்பில் போட்டாளாம். ஆசிரியரும் சமாதானமாகி, நார்வேக்காரரைச் சீனாவுக்கு அனுப்பினார். கிளம்பும்போது, எப்போது திரும்பி வருவீர்கள் என்று மாமியார் கேட்டதற்கு, "பென்சில்" என்றார். அவருடைய தட்டு எங்கள் தட்டுகளோடேயே தொங்கியது.

பல வருஷம் கழித்து, ரங்கூனுக்கு வந்த ஒரு நார்வேக் கப்பல்காரன் விலாசம் விசாரித்துக்கொண்டு வந்து சொன்னான். எங்கோ ஒரு யுத்தத்தைப் பார்க்கப் போனவர் திரும்பவில்லை, இறந்துவிட்டதாகப் பத்திரிகையில் வந்தது என்றான். மாமியாருக்கு அப்போது கண் மங்கிவிட்டது. தடவி அவன் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்.

"மையா, பென்சிலா?"

நான் அதை அவனுக்குப் புரியும்படி கேட்டேன். இறந்ததைப் பார்த்தவர் யார்? அவன் யோசித்துவிட்டு, பார்த்ததாக யாரும் சொல்லவில்லை என்றான். "அப்ப அத அங்கயே வச்சிட்டு வரச் சொல்லு" என்று சொல்லிவிட்டு மாமியார் அவனைச் சாப்பிட உட்கார வைத்தார்.

மாமியார் போனார். பிறகு ஒருநாள் என் வீட்டுக்காரரும் போனார். அவர் தலை என் மடியில்தான் இருந்தது. மூச்சு நின்றதை நான் என் கண்ணால் பார்த்தேன். அது மை. அதனால் யாரையும் என் கழுத்தைத் தொட விடவில்லை, தாலியை நானே கழற்றி அவர் நெஞ்சில் வைத்தேன்.

அமாவாசைக்கு என் மகன் அவர்கள் இருவருக்கும் இரண்டு இலை போடுகிறான். நம் குடும்பத்துக்கு இவ்வளவு செய்த மனிதராயிற்றே, அவருக்கும் ஓர் இலை போடட்டுமா என்று ஒருமுறை கேட்டான். நான் சுவரைக் காட்டினேன். எனாமல் தட்டு எங்கள் தட்டுகளோடு தொங்கிக்கொண்டிருந்தது.

"அவர் செத்ததை யார் பார்த்தது?" என்றேன்.